கைபிடியைத் திருப்பும் கை
வாசகர் கேள்வி – பதில்

சென்ற இதழில், "ரொக்கெட்டுக்குச் சுக்கான் கிடையாது, எஞ்சினே அதற்குச் சுக்கான்" என்று ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்கள் மேசையில் ஒரு சாண் உயரத்துக்கு இருக்கின்றன. முப்பது வருடம் பௌதிகவியல் படிப்பித்தவனுக்கு இதைவிட வேறு என்ன சந்தோஷம் வேண்டும்? இந்த மாதம் முழுவதையும் அந்தக் கடிதங்களுக்கே ஒதுக்குகிறேன்.

வானவெளியில் காற்றும் இல்லை, தண்ணீரும் இல்லை. ரொக்கெட் எதைப் பிடித்துக்கொண்டு திரும்புகிறது? அடியில் இருக்கும் எஞ்சினைச் சரித்தால் தலை ஏன் திரும்ப வேண்டும்?
— முள்ளியவளையிலிருந்து ஒரு மாணவி

மகளே, உன் வீட்டிலிருந்து கடற்கரை தூரமில்லை. ஒரு விடியற்காலை அப்பாவைக் கூட்டிக்கொண்டு முல்லைத்தீவுக் கரைக்குப் போய், வள்ளங்கள் கரைக்கு வருவதைப் பார். பின்புறத்தில் இருப்பவரின் ஒரு கை எஞ்சினின் கைபிடியில் இருக்கும். அவர் தனியாக ஒரு சுக்கானைத் திருப்புவதில்லை. தள்ளுகிற எஞ்சினையே திருப்புகிறார். உன் கேள்விக்கான விடை அந்தக் கையில் இருக்கிறது.

என் ஐயா கடற்றொழிலாளி. எனக்குப் பதின்மூன்று வயதானபோது நந்திக்கடலில் ஒரு மாலை அவர் முதன்முதலாகக் கைபிடியை என்னிடம் தந்தார். கைபிடியின் இறப்பர் உறை உப்பில் ஊறி வழுவழுவென்றிருந்தது. எஞ்சினின் அதிர்வு முழங்கை வரை ஏறியது. கைபிடியை இடப்பக்கம் தள்ளினேன். வள்ளத்தின் முன்புறமான அணியம் வலப்பக்கம் திரும்பியது. பயந்து அணியத்தையே பார்த்துக்கொண்டிருந்த என்னிடம் ஐயா சொன்னார்: "முன்னால் பார்க்காதே. பின்னால் தண்ணீர் எந்தப் பக்கம் போகிறது என்று பார்." திரும்பிப் பார்த்தேன். எஞ்சினின் அடி வலப்பக்கம் திரும்பியிருந்தது. நுரைத்த தண்ணீர் வலப்பக்கமாகப் பீறிக்கொண்டு போனது. தண்ணீரை வலப்பக்கம் தள்ளினால் மறுதாக்கம் வள்ளத்தின் பின்புறத்தை இடப்பக்கம் தள்ளும். பின்புறம் இடப்பக்கம் போனால், வள்ளம் தன் நடுப்பகுதியைச் சுற்றித் திரும்பி, அணியம் வலப்பக்கம் போகும். நியூட்டனின் மூன்றாம் விதியைப் பள்ளிக்கூடத்தில் படிப்பதற்கு முன்பே என் கை அதைப் படித்துவிட்டது.

ரொக்கெட்டின் அடியில், மணியைக் கவிழ்த்து வைத்தது போல ஒரு வாய் தெரியும். அதற்கு நொசில் என்று பெயர்; பயிருக்கு மருந்து தெளிக்கும் பம்பியின் முனைக்கும் அதே பெயர்தான். அந்த வாய் நேர் கீழே பார்க்கும்போது உதைப்பு ரொக்கெட்டின் புவியீர்ப்பு மையத்தின் ஊடாகப் போகும். ரொக்கெட் நேரே போகும். வாயைச் சற்றுச் சரித்தால் உதைப்பு அந்த மையத்தை விட்டு விலகிப் போகும். உடனே உடம்பைச் சுழற்றப் பார்க்கும் ஒரு விசைத்திருப்பம் பிறக்கும். வால் ஒரு பக்கம், தலை மறுபக்கம். பிடித்துக்கொள்ள வெளியில் எதுவும் தேவையில்லை. தன் வாயிலிருந்து தானே கக்கும் வாயுவைத்தான் அது உதைக்கிறது.

எவ்வளவு சரிக்க வேண்டும்? ஒரு பாகை சரித்தால் உதைப்பில் 57இல் ஒரு பங்குதான் பக்கவாட்டில் போகும். கேட்க அற்பமாகத் தோன்றும். ஆனால் 100 தொன் உதைப்புள்ள எஞ்சினுக்கு அது ஒன்றேமுக்கால் தொன். அந்த ஒன்றேமுக்கால் தொன்னும் மையத்திலிருந்து 15 மீற்றர் தள்ளி நின்று நெம்புகிறது. சந்திரனுக்கு மனிதரைக் கொண்டுபோன சற்றேர்ன் 5 ரொக்கெட் ஏறத்தாழ 110 மீற்றர் உயரம். அதன் அடியில் ஐந்து எஞ்சின்கள். நடுவில் இருந்தது அசையாது; சுற்றியிருந்த நான்கும் சில பாகைகள் மட்டும் சரியும். அவ்வளவு பெரிய உடம்பைத் திருப்ப அது போதுமாயிருந்தது.

சுக்கானுக்கும் இதற்கும் உள்ள வேறுபாட்டையும் சொல்லிவிடுகிறேன். பாய்வள்ளத்தின் சுக்கான் வேலை செய்ய, தண்ணீர் அதன்மேல் ஓடி மோத வேண்டும். வள்ளம் நின்றுவிட்டால் சுக்கானை எப்படித் திருப்பினாலும் பயனில்லை. எஞ்சின் வள்ளமோ நின்ற இடத்திலிருந்தே திரும்பும். ஏவுதளத்தை விட்டு மெல்ல எழும்பும் ரொக்கெட்டும் அப்படித்தான். அதன் செட்டைகள் வேலை செய்ய அந்த வேகத்தில் போதிய காற்றோட்டம் இருக்காது. மிக உயரத்திலோ காற்றே இருக்காது. இரண்டு இடத்திலும் சரியும் எஞ்சின் கைகொடுக்கும்.

ஒன்றை மட்டும் வள்ளத்தில் பார்க்க முடியாது. கைபிடியை நேராக்கினால் வள்ளம் சுழல்வது நின்றுவிடும், நிறுத்துவது தண்ணீர். வானவெளியில் நிறுத்த எதுவும் இல்லை. எஞ்சினை நேராக்கினாலும் ரொக்கெட் தொடர்ந்து சுழலும். எதிர்ப்பக்கம் சரித்து, அதே அளவு விசைத்திருப்பத்தை எதிராகக் கொடுத்துத்தான் நிறுத்த வேண்டும். ஒவ்வொரு திருப்பத்துக்கும் இரண்டு சரிவு என்று கணக்கு வைத்துக்கொள்.

உழவு இயந்திரம் முன்னால் நின்று இழுத்தால் பெட்டி ஒழுங்காக வரும். பின்னுக்குத் தள்ளினால் வளைந்து மடியும். அப்படியானால் ரொக்கெட்டின் எஞ்சினை உச்சியில் வைத்து இழுக்க விடலாமே?
— மல்லாவியிலிருந்து ஒரு விவசாயி

ஐயா, நீங்கள் நினைத்ததையே ரொபேர்ட் கொடார்ட் என்ற பெரும் விஞ்ஞானியும் நினைத்தார். திரவ எரிபொருளில் பறந்த உலகின் முதல் ரொக்கெட்டை அவர் 1926 மார்ச் 16 அன்று அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் ஒரு பண்ணையில் ஏவினார். எஞ்சின் உச்சியில், எரிபொருள் தாங்கி கீழே. இரண்டரைச் செக்கன் பறந்தது. 12 மீற்றர் அளவு உயர்ந்து, சரிந்து, 56 மீற்றர் தள்ளி விழுந்தது.

காரணம் இதுதான். உங்கள் பெட்டி கொளுக்கியில் தொங்குகிறது. கொளுக்கி வளையும், சில்லுகளை நிலம் பிடித்துக்கொள்ளும். ரொக்கெட்டில் எஞ்சின் உடம்போடு இறுகப் பூட்டியிருக்கிறது. உடம்பு சரிந்தால் உதைப்பும் கூடவே சரிந்துவிடும். அதை நிமிர்த்தி இழுக்க ஒரு விசையும் கிடையாது. புவியீர்ப்பு முழு உடம்பையும் சேர்த்துத்தான் இழுக்கிறது, திருப்புவதில்லை. எஞ்சின் மேலே இருந்தாலும் கீழே இருந்தாலும் வித்தியாசமில்லை.

கொடார்ட் இதை உணர்ந்துகொண்டு எஞ்சினைக் கீழே கொண்டுபோனார். 1930களில், சரிவை உணரும் ஜைரோஸ்கோப் என்ற சுழலும் கருவி ஒன்றின் கட்டளைப்படி அசையும் தகடுகளை எஞ்சின் கக்கும் தாரைக்குள்ளேயே வைத்துப் பரிசோதித்தார். 1942இல் பறந்த ஜேர்மனியரின் வி-2 ஏவுகணையிலும் அதே முறைதான். தாரையின் வெப்பத்தைத் தாங்குவதற்காகத் தகடுகளைக் காரீயத்தால் செய்தார்கள். பென்சிலுக்குள் இருக்கும் அதே கறுப்புப் பொருள். ஆனால் பாய்கிற தாரைக்குள் தடுப்பு வைத்தால் உதைப்பில் ஒரு பகுதி வீணாகும். அதனால்தான் பின்னால் வந்தவர்கள் எஞ்சினையே சரிக்கத் தொடங்கினார்கள்.

சரிப்பது யார்? உள்ளே ஆளில்லாத ரொக்கெட்டில் அந்தக் கைபிடியை யார் பிடிப்பது?
— வவுனியாவிலிருந்து ஒரு வாசகர்

வீட்டிலிருக்கும் தும்புத்தடியை எடுத்து, தடியின் நுனியை உள்ளங்கையில் நிறுத்திப் பாருங்கள். தடி எந்தப் பக்கம் சாய்கிறதோ அந்தப் பக்கம் கை ஓடும். உச்சியைப் பார்க்கும் கண், முடிவெடுக்கும் மூளை, அசையும் கை. ரொக்கெட்டில் கண் ஜைரோஸ்கோப், மூளை கணினி, கை எஞ்சினைத் தள்ளும் தண்டுகள். ஒரு செக்கனுக்குள் பல தடவை இந்தச் சுற்று நடந்துகொண்டிருக்கும். (அடுத்ததாக ஒரு பென்சிலை நிறுத்த முயலுங்கள். நெடியது மெல்லச் சாயும், குட்டையானது சட்டென்று விழும். 110 மீற்றர் ரொக்கெட்டைப் பிடிப்பது இந்த ஒரு விடயத்தில் மட்டும் பென்சிலைவிட இலகு.)

சற்றேர்ன் 5இன் அடி எஞ்சின்களைச் சரித்த தண்டுகளுக்குள் ஓடிய திரவம், எஞ்சினில் எரியும் அதே மண்ணெண்ணெய் வகை எரிபொருள். தனியாக ஓர் எண்ணெய்த் தாங்கியைச் சுமக்காமல் விட்ட அந்தப் புத்தியை நினைக்கும்போதெல்லாம் எனக்கு உவகை பொங்கும்.

இந்தியாவின் பிஎஸ்எல்வி ரொக்கெட்டின் முதற்கட்டத்தில் இன்னொரு வழி. அதில் திண்ம எரிபொருள், நொசில் அசையாது. பதிலாக, நொசிலின் ஒரு பக்கத்திலிருந்து ஸ்ட்ரோன்சியம் பேர்குளோரேற்றுக் கரைசலை உள்ளே பீய்ச்சுகிறார்கள். அந்தப் பக்கம் தாரை நெருக்கப்பட்டு மறுபக்கம் ஒதுங்கும். உதைப்பின் திசை மாறும். இரண்டாம் கட்டத்தில் விகாஸ் எஞ்சின் தானே சரியும்.

கை எவ்வளவு திறமையாக இருந்தாலும் கண் பொய் சொன்னால் என்ன நடக்கும் என்பதற்கு 1996 ஜூன் 4ஆம் திகதி சாட்சி. ஐரோப்பாவின் ஏரியன் 5 ரொக்கெட்டின் முதல் பயணம். பழைய ஏரியன் 4க்கு எழுதிய மென்பொருளின் ஒரு பகுதியை அப்படியே வைத்திருந்தார்கள். புதிய ரொக்கெட்டின் வேகத்துக்கு அதில் ஓர் எண் தன் இடத்துக்குள் அடங்காமல் பெருகியது. திசை காட்டும் கருவி செயலிழந்து, அனுப்பிய பிழைச் செய்தியைக் கணினி உண்மையான அளவீடு என்று நம்பியது. நொசில்கள் சொன்னபடி எல்லை வரை சரிந்தன. நேராகப் போய்க்கொண்டிருந்த ரொக்கெட் சட்டென்று குறுக்கே திரும்பி, காற்றின் தாக்குதலில் உடைந்தது. ஏவி 40 செக்கன்கூட ஆகவில்லை. நொசில்களில் எந்தப் பழுதும் இருக்கவில்லை.

சுகோய் விமானம் தலையைப் பாம்பு போல நிமிர்த்தி நிற்கும் 'கோப்ரா' சாகசம், எஞ்சின் வாய் திரும்புவதால்தான் முடிகிறது என்கிறேன். நண்பன் மறுக்கிறான். யார் சரி?
— கிளிநொச்சியிலிருந்து ஓர் இளைஞர்

தம்பி, நண்பர்தான் சரி. 1989இல் பாரிஸ் விமானக் கண்காட்சியில் சோவியத் விமானி விக்டர் புகச்சோவ் அந்தச் சாகசத்தைச் செய்து காட்டிய சுகோய்-27இல் அசையும் நொசில் கிடையாது. விமானத்தின் வடிவமைப்பும் ஓட்டியவரின் திறமையும்தான் காரணம்.

ஆனால் நீங்கள் சொல்ல வந்ததும் வெறும் பேச்சல்ல. விமானத்தின் மூக்கை அளவுக்கு மேல் நிமிர்த்தினால், இறக்கையைத் தழுவி ஓடும் காற்று பிரிந்து குழம்பிவிடும். வால் செட்டைகளுக்கும் பிடி போய்விடும். நின்றுபோன பாய்வள்ளத்தின் சுக்கான் கதைதான். அப்போதும் எஞ்சின் தாரை பாய்ந்துகொண்டுதான் இருக்கும். அதைத் திருப்பினால் பிடி மீளும். அமெரிக்காவும் ஜேர்மனியும் சேர்ந்து செய்த எக்ஸ்-31 என்ற பரிசோதனை விமானம், தாரையைத் தட்டித் திருப்பும் மூன்று துடுப்புகளோடு 70 பாகை நிமிர்ந்த நிலையிலும் கட்டுப்பாட்டோடு பறந்து காட்டியது. இந்திய விமானப்படையின் சுகோய்-30 எம்கேஐ விமானத்தில் இரண்டு நொசில்களும் 15 பாகை வரை அசையும். அவை நேர் மேல்-கீழாக அசையாமல் சாய்வாக அசைவதால், ஒன்று மேலும் மற்றது கீழும் போகும்போது மூக்கைப் பக்கவாட்டிலும் திருப்பலாம். அமெரிக்காவின் எப்-22இலோ மேல்-கீழ் மட்டும்.

இவற்றையெல்லாம்விட என் மனத்துக்குப் பிடித்தது பிரித்தானியரின் ஹரியர் போர்விமானம். ஒரே எஞ்சின், நான்கு வாய்கள். நான்கையும் கீழே திருப்பினால் ஓடுபாதை இல்லாமலே எழும்பும். பின்னால் திருப்பினால் பறக்கும். அந்தரத்தில் நிற்கும்போது செட்டைகள் பயன்படாது என்பதால், மூக்கிலும் வாலிலும் இறக்கை நுனிகளிலும் சிறு துளைகள் வழியாக எஞ்சின் காற்றை ஊதிச் சமநிலை காத்தது. 1960இல், கணினி இன்று போல் வளராத காலத்தில், கயிற்றில் கட்டியபடி முதன்முதலாக அதன் முன்னோடியை நிலத்திலிருந்து எழுப்பினார்கள்.

எல்லாப் போர்விமானங்களுக்கும் இது தேவை என்று எண்ணவேண்டாம். பிரான்சின் ரஃபாலில் இல்லை. நொசிலைத் திருப்பும் பொறி பாரம். இப்படி மூக்கை நிமிர்த்தினால் வேகமும் கரைந்துபோகும்.

கணவாய் பின்பக்கமாக ஓடுகிறது, திடீரென்று முன்னுக்கும் வருகிறது. அதுவும் ரொக்கெட்டா?
— அலம்பிலிலிருந்து ஒரு கடற்றொழிலாளர்

ரொக்கெட்டேதான். உடம்புக்குள் நிரப்பிய தண்ணீரைத் தலைக்குக் கீழே இருக்கும் குழல் வழியாகப் பீய்ச்சுகிறது. அடுத்தமுறை உயிருள்ள கணவாய் கையில் வந்தால் அந்தக் குழலை விரலால் தொட்டுப் பாருங்கள். எந்தப் பக்கமும் வளையும் மெல்லிய தசை. குழலை முன்னால் நீட்டினால் பின்னால் ஓடும், பின்னால் வளைத்தால் முன்னால் வரும். மனிதர் எஞ்சினைச் சரிப்பதற்குப் பல கோடி வருடங்களுக்கு முன்பே நம் கடலில் இந்த வித்தை இருந்தது.

என் பத்து வயது மகன் கொப்பி முழுக்கப் போர்விமானம் வரைகிறான். எஞ்சின் வாய் எப்படித் திரும்பும் என்று உங்கள் பகுதியைப் படித்துவிட்டு எனக்கே விளக்குகிறான். விமானச் சத்தம் கேட்டால் எனக்கு இன்றும் கை நடுங்கும். அவனைத் தடுப்பதா, விடுவதா?
— புதுக்குடியிருப்பிலிருந்து ஒரு தாய்

அம்மா, இந்தக் கடிதத்தை மூன்று நாள் வைத்திருந்து எழுதுகிறேன். பதுங்குகுழியின் ஈரமண் வாசம் எனக்கும் தெரியும். என் மாணவர்கள் வானத்தைப் பார்க்காமலே சத்தத்தை வைத்து விமானத்தின் பெயர் சொன்னார்கள். அந்த அறிவு அவர்களுக்கு வந்திருக்கவே கூடாது. உங்கள் கை நடுங்குவதில் ஒரு பிழையும் இல்லை.

மகனைத் தடுக்காதீர்கள். ஆனால் அவனுக்கு இன்னொரு விமானத்தின் கதையையும் சொல்லுங்கள். 1989 ஜூலை 19, அமெரிக்கா. 296 பேரோடு பறந்த டிசி-10 பயணிகள் விமானத்தின் வால் எஞ்சினுக்குள் சுழலும் பெரிய தட்டு உடைந்து சிதறியது. செட்டைகளை அசைக்கும் எண்ணெய்க் குழாய்கள் மூன்று தொகுதியும் அறுந்தன. விமானிக்கு முன்னால் இருந்த திசைதிருப்பும் கருவி எதற்கும் விமானம் அசையவில்லை. மிஞ்சியவை இரண்டு இறக்கை எஞ்சின்கள். லான்ட்மாஸ்டர் உழவு இயந்திரம் ஓட்டுபவர் ஒரு பக்கச் சில்லின் இழுவையை விடுவித்துத் திருப்புவது போல, ஒரு எஞ்சினைக் கூட்டி மற்றதைக் குறைத்துத் திருப்பினார்கள். இரண்டையும் கூட்டிக் குறைத்து ஏறி இறங்கினார்கள். பயணியாக வந்திருந்த விமானப் பயிற்றுநர் டெனிஸ் பிட்ச் விமானி அறையில் விசைநெம்புகளைப் பிடித்துக்கொள்ள, தலைமை விமானி அல் ஹெய்ன்ஸ் குழுவோடு முக்கால் மணிநேரம் போராடினார். சூ சிற்றி விமான நிலையத்தில் இறங்கும்போது விமானம் உடைந்து தீப்பற்றியது. இருந்தும் 184 பேர் உயிர் தப்பினார்கள்.

அதன் பிறகு நாசாவின் பொறியியலாளர்கள் எஞ்சின்களை மட்டுமே கொண்டு விமானத்தைத் திருப்பி இறக்கும் கணினி முறையொன்றை உருவாக்கி, 1995இல் எம்டி-11 பயணிகள் விமானத்தைப் பத்திரமாகத் தரையிறக்கிக் காட்டினார்கள். எஞ்சின் எந்தப் பக்கம் தள்ளுகிறது என்று காட்ட உங்கள் மகன் வரைகிற அம்புக்குறியும் அவர்கள் வரைந்த அம்புக்குறியும் ஒன்றுதான். கொப்பியின் அடுத்த பக்கத்தில் அந்த விமானத்தை வரையச் சொல்லுங்கள். முடிந்தால் எனக்கு அனுப்பி வையுங்கள்; இந்தப் பகுதியிலேயே அச்சிடக் கேட்பேன்.

இந்தியா ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஏவும் ரொக்கெட்டுகள் நம் தலைக்கு மேலாகப் போகின்றனவா? இங்கிருந்து பார்க்க முடியுமா?
— பூநகரியிலிருந்து ஓர் ஆசிரியை

தேசப்படத்தை விரித்து ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து நேர் தெற்கே ஒரு கோடு இழுத்துப் பாருங்கள். அந்த இடத்தின் நெடுங்கோடு 80.2 பாகை கிழக்கு. கோடு சென்னைக் கரையை உரசி, கடலைக் கடந்து, எந்த ஊரின் மேல் வருகிறது? பூநகரியின் நெடுங்கோடும் ஏறத்தாழ அதே 80.2 பாகைதான். பள்ளிக்கூடத்துச் சுவரில் தொங்கும் தேசப்படத்தில் இந்தக் கோட்டைப் பிள்ளைகளைக் கொண்டே இழுப்பியுங்கள்.

துருவங்களுக்கு மேலாகச் சுற்றவேண்டிய செய்மதிகளுக்குத் தெற்குத் திசைதான் வழி. ஆனால் ரொக்கெட் பழுதானால் உடைந்த துண்டுகள் மக்கள் வாழும் நிலத்தில் விழக்கூடாது. அதனால் பிஎஸ்எல்வி முதலில் தென்கிழக்கே, வங்கக் கடலுக்கு மேலாகப் போகிறது. போதிய தூரம் விலகிய பிறகு எஞ்சின் தாரையைச் சரித்து, வளைந்து, தெற்குப் பாதைக்குத் திரும்புகிறது. நேர் வழியை விட்டு வளைவதற்கு எரிபொருள் செலவு. செலவானால் கொண்டுபோகும் பாரம் குறையும். பெரிய ரொக்கெட் அதைத் தாங்கும், சிறிய ரொக்கெட்டுக்கு அது பேரிழப்பு. தூத்துக்குடி மாவட்டத்துக் குலசேகரன்பட்டினத்தில் 2024 பெப்ரவரியில் புதிய ஏவுதளத்துக்கு அடிக்கல் நாட்டியதற்கு இதுவே முக்கிய காரணம். அங்கிருந்து தெற்கே திறந்த கடல்தான்.

பார்க்க முடியுமா என்பதற்குக் கணக்கு இருக்கிறது. ஸ்ரீஹரிகோட்டா முல்லைத்தீவிலிருந்து ஏறத்தாழ 500 கிலோமீற்றர். பூமியின் வளைவு அவ்வளவு தூரத்தில் 20 கிலோமீற்றர் உயரம் வரை மறைத்துவிடும். ரொக்கெட் அதற்கு மேல் ஏறியதும் நம் அடிவானத்துக்கு மேலே வந்தாக வேண்டும். பூநகரிக்கு மறைப்பு இன்னும் கொஞ்சம் குறைவு. பகலில் வேண்டாம்; முகிலில்லாத இரவு ஏவலாக இருக்க வேண்டும். அறிவிப்பது இந்திய நேரம். நம் நேரமும் அதுதான். ஏவி ஒரு நிமிடம் கழிந்ததும், மரமோ விளக்கோ மறைக்காத வெளியில் நின்று வடக்கே அடிவானத்தை ஒட்டிப் பாருங்கள். கையை நீட்டி, சுண்டுவிரலும் மோதிரவிரலும் நடுவிரலும் சேர்ந்த அகலத்துக்கு மேல் முதலில் தேடவேண்டாம். ஒரு சுடர் எழுந்து மெல்ல உங்கள் வலக்கைப் பக்கம், கிழக்கு நோக்கி நகரும். தேசப்படத்தில் இழுத்த அந்தக் கோட்டிலிருந்து விலகிப் போகிறது என்று பிள்ளைகளிடம் சொல்லுங்கள்.